கொழும்பில் பஜனைக் குழுவில் சேரப் போகிறீர்களா? ஹார்மோனியம் வாங்க முதல் இதைப் படியுங்கள்

என் ஹார்மோனியம் எட்டு மாதம் கட்டிலுக்கு அடியில் கிடந்தது. சென்னையில் 16,500 இந்திய ரூபாய் கொடுத்து வாங்கி, கைப்பிள்ளையைக் கொண்டுவருவது போலப் பத்திரமாகக் கொண்டுவந்து, வெள்ளவத்தையில் ஒரு வீட்டுப் பஜனைக்கு முதல் நாளே தூக்கிக்கொண்டு போனேன். அங்கே ஏற்கெனவே ஒருவர் வாசித்துக்கொண்டிருந்தார், அதுவும் நன்றாகவே வாசித்தார். என் கையில் ஒரு சோடி கைத்தாளத்தைத் தந்தார்கள். அதை நான் தட்டிய வேகத்தில் மூன்றாவது பாட்டிலேயே மிருதங்கக்காரர் என்னைத் திரும்பிப் பார்க்கத் தொடங்கிவிட்டார். பக்கத்தில் இருந்த பெரியவர் மெல்ல என் கையைப் பிடித்து, “தம்பி, ரயிலைப் பிடிக்கவோ போறீங்கள்?” என்று கேட்டார். கடற்கரைப் பக்கம் அந்த நேரம் பார்த்து ரயிலும் கூவியது.

நான் எல்லாவற்றையும் தலைகீழாகத் தொடங்கியிருந்தேன். முதலில் காது, பிறகு கை, அதற்குப் பிறகு குரல், வாத்தியம் கடைசி. இந்த ஒழுங்கில் போனால் ஒரு வருடமும் கொஞ்சப் பணமும் மிச்சம். நான் சங்கீதம் படித்தவன் இல்லை, நாற்பது வயதுக்குப் பிறகு ஆசைப்பட்டு உள்ளே வந்தவன். என்னைப் போன்றவர்களுக்குத்தான் இது.

1. எந்த வகைப் பாட்டு என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள்

“பஜனை” என்று ஒரே சொல்லால் எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறோம், ஆனால் கொழும்பில் நீங்கள் போய் உட்காரக்கூடிய இடங்களில் நடப்பது ஒன்றல்ல.

கோயிலில் பூசையின்போது பாடுவது பஞ்சபுராணம். தேவாரம், திருவாசகம், திருவிசைப்பா, திருப்பல்லாண்டு, பெரியபுராணம் என்ற வரிசையில் ஒவ்வொரு பாடல், பெரும்பாலும் அதோடு ஒரு திருப்புகழும் கடைசியில் வாழ்த்தும். தொடக்கத்திலும் முடிவிலும் “திருச்சிற்றம்பலம்” சொல்ல வேண்டும். இதைப் பொதுவாக ஒருவரே பாடுவார், மற்றவர்கள் கைகூப்பிக் கேட்பார்கள். கையைத் தட்டவோ தாளம் போடவோ கூடாது. நான் தட்டினேன். இரண்டு தட்டுத் தட்டிய பிறகுதான் சுற்றிலும் யாருமே தட்டவில்லை என்று விளங்கியது.

நாமாவளி என்பது ஒருவர் ஓர் அடியைப் பாட (இது முன்பாட்டு) மற்றவர்கள் அதையே திருப்பிப் பாடுவது (இது பின்பாட்டு). புதிதாக வருபவர்களுக்கு இதுதான் வாசல். சாயி நிலையங்களில் வியாழக்கிழமைகளில் நடப்பது இந்த வகை. பிள்ளையார் பாட்டில் தொடங்கி, குரு, அம்மன், சிவன், முருகன் என்று போய் ஆரத்தியில் முடியும். முதலில் ஆறுதலாகப் பாடி, பிறகு வேகம் கூட்டி, கடைசியாக முதல் அடியை மீண்டும் மெதுவாகப் பாடி நிறுத்துவார்கள்.

சம்பிரதாய பஜனை வேறு. தியான சுலோகம், தோடய மங்களம், குரு வணக்கம் என்று அதற்கென்று ஒரு நீண்ட ஒழுங்கு இருக்கிறது, சமஸ்கிருதம், தெலுங்கு, மராத்தி எல்லாம் வரும். திருப்புகழ்க் குழுக்கள் இன்னொரு பக்கம்; தமிழ்தானே, சுலபம் என்று நினைத்துப் போகாதீர்கள். சந்தமும் தாளமும் பாட்டுக்குப் பாட்டு மாறும், முதல் மாதமே நாக்கு முடிச்சுப் போட்டுக்கொள்ளும். ஹரே கிருஷ்ணா கீர்த்தனையில் கோல் என்ற களிமண் மிருதங்கமும் கரதாளமும் இருக்கும், எழுந்து நின்று ஆடிப் பாடுவார்கள், கூச்சம் உள்ளவர்களுக்கு அது நல்ல மருந்து.

என் அபிப்பிராயம்: நாமாவளி பாடும் ஒரு குழுவில் தொடங்குங்கள். தேவாரம் பழக வேண்டும் என்றால் அதைத் தனியாக, பண்ணிசை தெரிந்த ஒருவரிடம் பழகுங்கள். இரண்டையும் ஒரே மாதத்தில் தொடங்கினால் இரண்டும் வராது.

2. நான்கு கிழமை சும்மா போய் உட்காருங்கள்

வெள்ளவத்தை, பம்பலப்பிட்டி, கொட்டாஞ்சேனை, செட்டியார் தெரு, கொச்சிக்கடை, எந்தப் பக்கம் இருந்தாலும் நடந்து போகும் தூரத்தில் ஒரு கோயிலாவது இருக்கும். வெள்ளிக்கிழமை மாலைப் பூசைக்குப் போங்கள். பூசை முடிந்ததும் ஓடிவராமல் நில்லுங்கள். பாடுகிற குழு இருக்கிறதா, எந்த நாள், யாரைக் கேட்க வேண்டும் என்ற விபரமெல்லாம் விளம்பரத்தில் வராது, பூ கட்டுகிற அம்மாவிடமும் பிரசாதம் கொடுப்பவரிடமும்தான் கிடைக்கும். வெள்ளவத்தையில் இராமகிருஷ்ண மிஷனிலும் தமிழ்ச் சங்கத்திலும் ஒருமுறை நேரில் விசாரியுங்கள். போனில் கேட்டால் ஒரு சொல்லில் பதில் வரும், நேரில் போனால் யாரோ ஒரு மாமி உங்களை இன்னொரு மாமியிடம் அனுப்புவார், அந்த இரண்டாவது மாமிதான் குழு நடத்துபவராக இருப்பார்.

விண்ணப்பப் பத்திரம் எதுவும் தேவையில்லை. கட்டணமும் கிடையாது. “சேர 5,000 ரூபாய்” என்று யாராவது கேட்டால் அது வகுப்பு, பஜனைக் குழு அல்ல. ஆனால் பிரசாதச் செலவைக் குழுவில் பங்கு போடுவார்கள். அவல், கடலை, சர்க்கரைப் பொங்கல் என்று முறை வைத்துச் செய்வார்கள். இரண்டாவது மாதம் நீங்களாகவே “அடுத்த முறை நான் கடலை கொண்டுவருகிறேன்” என்று சொல்லிவிடுங்கள், அதற்குப் பிறகு நீங்கள் அந்தக் குழுவின் ஆள்தான்.

சின்னச் சின்ன விசயங்கள்: அன்று மச்சம் சாப்பிடாமல் போங்கள். ஆண்கள் சில கோயில்களில் சேர்ட்டைக் கழற்ற வேண்டும், வேட்டியும் சால்வையும் இருந்தால் தொல்லையில்லை. ஆண்களும் பெண்களும் இரண்டு பக்கமாக உட்காருவது பல இடங்களில் வழக்கம், எந்தப் பக்கம் என்று பார்த்து உட்காருங்கள். ஒன்றரை மணித்தியாலம் சம்மணம் போட்டு உட்கார முழங்கால் இடம் கொடுக்காது என்றால் வெட்கப்படாமல் ஒரு கதிரை கேளுங்கள். வலியோடு உட்கார்ந்திருப்பவருக்குப் பாட்டு வராது.

இந்த நான்கு கிழமையும் பின்பாட்டு மட்டும். சத்தத்தைக் குறைத்து, பக்கத்தில் இருப்பவரின் குரல் உங்கள் காதில் விழுகிற அளவுக்குப் பாடுங்கள். அவர் குரல் கேட்கவில்லை என்றால் நீங்கள் கத்துகிறீர்கள்.

3. கை

இதில்தான் நான் அடிபட்டேன், அதனால் கொஞ்சம் நீட்டியே எழுதுகிறேன்.

நாமாவளிகளில் பெரும்பாலானவை நான்கின் மடங்கில் போகும், மிச்சம் மூன்றின் மடங்கில் போகும். ஏழும் ஐந்தும் எப்போதாவது வரும், அவற்றை இப்போதைக்கு மறந்துவிடுங்கள். தபேலா, டோலக் வாசிப்பவர்கள் எட்டு மாத்திரையை, அதாவது எட்டு எண்ணிக்கையை, கஹர்வா என்பார்கள்: தா கே நா தி, நா கே தி நா. ஆறு மாத்திரை தாத்ரா: தா தி நா, தா தி நா. இந்த இரண்டையும் வாயால் சொல்லிக்கொண்டே நடங்கள். காலி வீதியில் பஸ்ஸுக்குக் காத்து நிற்கும்போது சொல்லுங்கள், யாரும் பார்க்கமாட்டார்கள், நூறாம் இலக்க பஸ்ஸின் ஹோர்னுக்கு முன்னால் உங்கள் முணுமுணுப்பு எங்கே கேட்கப் போகிறது.

ஆதி தாளம் போடவும் பழகிக்கொள்ளுங்கள். ஒரு தட்டு, சுண்டு விரல், மோதிர விரல், நடு விரல், பிறகு தட்டு, வீச்சு, தட்டு, வீச்சு. மொத்தம் எட்டு. தாளம் போட்டுக்கொண்டே பழகிய பாட்டு ஒன்றைப் பாடிப் பாருங்கள். பாட்டு எல்லா நேரமும் முதல் தட்டிலேயே தொடங்காது, சில பாட்டுகள் அரை மாத்திரை தள்ளியும் சில ஒன்றரை தள்ளியும் எடுக்கும். அதை “எடுப்பு” என்பார்கள். புதிதாக வருபவர்கள் சொதப்புவது தொண்ணூறு வீதம் இந்த எடுப்பில்தான், குரலில் அல்ல.

வேகம் ஓடுவதுதான் அடுத்த நோய். உற்சாகம் வரும்போது கை தானாக வேகப்படும். போனில் மெட்ரோனோம் செயலி ஒன்றை இலவசமாகப் பதிவிறக்கி, நிமிடத்துக்கு 70 என்று வைத்து, ஒரு பாட்டை முழுவதும் அந்தத் தட்டோடு பாடுங்கள். முடியவே முடியாது என்று தோன்றும். தினமும் பத்து நிமிடம், மூன்று கிழமை. எனக்கு ஐந்து கிழமை எடுத்தது.

கைத்தாளம் வாங்கலாம், இந்தக் கட்டத்தில் வாங்கக்கூடிய ஒரே வாத்தியம் அதுதான். நான் கொடுத்தது 2,500 ரூபாய். கடையில் இரண்டையும் விளிம்போடு விளிம்பு மெல்லத் தட்டி, காதருகே பிடித்து, ஒலி எவ்வளவு நேரம் நிற்கிறது என்று பாருங்கள், இரண்டு தட்டுகளும் ஒரே சுருதியில் ஒலிக்கிறதா என்றும் கேளுங்கள். வாசிக்கும்போது முழுத் தட்டையும் மோதாமல் விளிம்பை விளிம்பில் தொட்டு எடுத்தால் திறந்த ஒலி வரும், மூடிப் பிடித்தால் “டக்” என்று அடங்கும். திறந்தது, மூடியது, மூடியது, மூடியது என்று நான்கு எண்ணிக்கை; அவ்வளவுதான் முதல் பாடம். இன்னொரு விசயம், ஏற்கெனவே ஒருவர் தாளம் தட்டும்போது உங்களுடையதைப் பையிலிருந்து எடுக்காதீர்கள். இரண்டு சோடித் தாளம் ஒரு மயிரிழை விலகினாலும் குசினியில் பாத்திரம் விழுந்தது போல இருக்கும்.

4. உங்கள் கட்டை என்ன?

குழுவில் முதல்முறை “உங்களுக்கு எத்தனை கட்டை?” என்று கேட்டபோது நான் விழித்தேன். சுருதியை, அதாவது ஒருவர் ‘ஸ’ என்று வைத்துப் பாடும் உயரத்தை, கட்டையால் சொல்வது நம் வழக்கம். ஹார்மோனியத்தில் கறுப்புக் கட்டைகள் இரண்டு சேர்ந்தும் மூன்று சேர்ந்தும் இருக்கும். இரண்டு சேர்ந்திருக்கிற இடத்துக்கு இடப்பக்கம் ஒட்டியிருக்கும் வெள்ளைதான் ஒரு கட்டை. அதற்கடுத்த கறுப்பு ஒன்றரை, அடுத்த வெள்ளை இரண்டு, கறுப்பு இரண்டரை, பிறகு வெள்ளை மூன்று, அதற்கடுத்ததும் வெள்ளை, அது நான்கு. மூன்றரைக் கட்டை என்று ஒன்று கிடையாது, என்னைப்போல் அதைத் தேடாதீர்கள். பிறகு நான்கரை, ஐந்து, ஐந்தரை, ஆறு, ஆறரை, ஏழு.

போனில் தம்புரா செயலி ஒன்றைப் போட்டு, கீழ்ப் பஞ்சமத்திலிருந்து (கீழே உள்ள ‘ப’) மேல் ஸ்தாயிப் பஞ்சமம் (மேலே உள்ள ‘ப’) வரை தொண்டை நோகாமல் போய்வரக்கூடிய சுருதியைத் தேடுங்கள். மேலே அவ்வளவு தூரம் எட்டாவிட்டால் மேல் ஸட்ஜத்தையும் (மேல் ‘ஸ’) அதற்கு மேலே இரண்டு சுரத்தையும் தொட்டாலும் நாமாவளிக்குப் போதும். ஆண்களுக்குப் பெரும்பாலும் ஒன்றுக்கும் இரண்டரைக்கும் நடுவில் விழும். பெண்களுக்கு நான்கரையிலிருந்து ஆறு. காலையில் ஒன்று, மாலையில் ஒன்று என்று மாறும், தடிமன் பிடித்தால் இறங்கும். மாலையில் பார்த்ததைக் கொப்பியின் முதல் பக்கத்தில் எழுதிவையுங்கள்.

ஆண், பெண் சேர்ந்து பாடும் குழுவில் ஒரு சிக்கல் உண்டு. ஓர் அக்கா ஐந்து கட்டையில் முன்பாட்டுப் பாடினால் ஆண்களுக்கு அது ஒன்றில் பாதாளம், அல்லது ஆகாயம். நல்ல குழுக்களில் இதற்கு வழி வைத்திருப்பார்கள், உயரம் குறைந்த பாட்டை ஆண்களுக்கும் வசதியான சுருதிக்கு இறக்கி எடுப்பார்கள், அல்லது முன்பாட்டுக்காரர் கொஞ்சம் விட்டுக்கொடுப்பார். உங்களுக்கு எட்டாத அடியை விட்டுவிட்டுத் தாளத்தை மட்டும் பிடியுங்கள். எட்டிப் பிடிக்கப்போய் பொய்க்குரலில் கீச்சிட்டால் அது மட்டும்தான் எல்லோருக்கும் கேட்கும்.

மிருதங்கம் வாசிப்பவரையும் நினையுங்கள். வலந்தலை, அதாவது வலப்பக்கத் தோல், ஒரு சுருதிக்குத்தான் கூட்டப்பட்டிருக்கும். இரண்டு கட்டைக்குக் கூட்டியதை ஐந்துக்கு ஏற்ற முடியாது, அதற்கு வேறு, சிறிய மிருதங்கம் வேண்டும். பாட்டுக்குப் பாட்டு சுருதி மாறும் குழுக்களில் டோலக்கும் தபேலாவும் அதிகம் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

5. கொப்பி

பூபாலசிங்கம் போன்ற புத்தகசாலைகளில் தோத்திரப் புத்தகங்கள் கிடைக்கும், ஆனால் உங்கள் குழு பாடுவது அந்தப் புத்தகத்தில் இருப்பது போல இருக்காது. அவர்களுடைய தாளை வாங்கிப் போட்டோக் கொப்பி எடுங்கள். பிறகு, இதைச் சோம்பல்படாமல் செய்யுங்கள், ஒவ்வொரு பாட்டையும் உங்கள் கையால் பெரிய எழுத்தில் ஒரு கொப்பியில் எழுதுங்கள், பக்கத்துக்கு ஒரு பாட்டு. போனில் பார்த்துப் பாடினால் திரை அணையும், அழைப்பு வரும், தலை குனிந்தே இருக்கும், முன்பாட்டுக்காரரின் கையசைவைக் கவனிக்கமாட்டீர்கள்.

ஹிந்தி, சமஸ்கிருதப் பாட்டுகளைத் தமிழில் எழுதினால் ஒரே “க” நான்கு ஒலிக்கு நிற்கும், ஒரே “ப” நான்கு ஒலிக்கு நிற்கும். பழைய புத்தகங்களில் எழுத்துக்கு மேலே 2, 3, 4 என்று சின்ன இலக்கம் போட்டு இதைப் பிரித்துக் காட்டியிருப்பார்கள். அதை நான் அச்சுப்பிழை என்று நினைத்து, விட்டுவிட்டு எழுதினேன். “பாவம்” என்று எழுதினால் அது உள்ளத்து உணர்வா, செய்த பாவமா? பாட்டில் எது வருகிறது என்பது பாடுகிற வாயில்தான் தெரியும். கேட்டு, இலக்கத்தைப் போட்டு எழுதுங்கள். அப்படியே ஒவ்வொரு பாட்டுக்கும் மேலே நான்கு விபரம்: யார் மேல் பாட்டு, எத்தனை கட்டை, நான்கா மூன்றா, எடுப்பு எங்கே. அடியில் ஒரு வரியில் பொருள்.

முதலில் பன்னிரண்டு பாட்டு போதும். பிள்ளையாருக்கு இரண்டு, குருவுக்கு ஒன்று, அம்மனுக்கும் முருகனுக்கும் மும்மூன்று, சிவனுக்கு இரண்டு, பெருமாளுக்கு ஒன்று. மாதம் மூன்று பாட்டு என்றால் நான்கு மாதம். போனில் ஒலிப்பதிவு செய்ய அனுமதி கேளுங்கள், பெரும்பாலும் சரி என்பார்கள், ஆனால் கேட்காமல் எடுத்து வட்ஸ்அப்பில் போட்டால் முகம் மாறும். ஓர் அக்காவின் குரல் பிசகிய இடம் அவர் மச்சாளின் போன் வரை போய்ச் சேர்ந்த கதை எனக்குத் தெரியும்.

6. ஆசிரியர் வேண்டுமா?

பின்பாட்டுக்குத் தேவையில்லை. முன்பாட்டுப் பாட ஆசை இருந்தால், ஆறு மாதமாவது ஒருவரிடம் சரளி வரிசை, ஜண்டை வரிசை, அலங்காரம் என்ற ஆரம்பச் சுரப் பாடங்களைப் பழகுவது நல்லது. சுரம் பிடிபட்டால் புதுப் பாட்டு ஒன்றை எடுப்பது பாதி நேரத்தில் முடியும்.

நான் முதலில் போன இடத்தில் மூன்று மாதக் கட்டணத்தை முற்பணமாகக் கேட்டார்கள். கொடுத்தேன், பற்றுச்சீட்டு வாங்கவில்லை. நான்காவது வகுப்போடு ஆசிரியர் வெளிநாடு போய்விட்டார், பணத்தைப் பற்றிப் பேச ஆளில்லை. இப்போது போகிற இடத்தில் மாதம் 3,000, கிழமைக்கு ஒரு மணித்தியாலம், மாத முடிவில் கொடுக்கிறேன். சேர முதல் இதெல்லாம் கேளுங்கள்: தனியாகவா கூட்டமாகவா, கூட்டம் என்றால் எத்தனை பேர், போயா விடுமுறை நாளில் வகுப்பு உண்டா, விட்டுப்போன வகுப்புக்கு ஈடு தருவார்களா, பெரியவர்களைச் சேர்ப்பார்களா. கடைசிக் கேள்வி முக்கியம். ஏழு வயதுப் பிள்ளைகளுக்கு நடுவில் நான் இரண்டு மாதம் உட்கார்ந்திருக்கிறேன், ஒரு பிள்ளை எனக்குத் தாளம் திருத்தியது. நன்றாகத் திருத்தியது, அது வேறு விசயம்.

பிள்ளைகளைச் சேர்ப்பவர்களுக்கு: வட இலங்கைச் சங்கீத சபையின் தரப் பரீட்சைகளுக்கு ஆசிரியர் ஊடாக விண்ணப்பிப்பார்கள். பிறப்புச் சான்றிதழ்ப் பிரதி, புகைப்படம், முந்தைய தரத்தின் சான்றிதழ் ஆகியவற்றை ஒரு கோப்பில் தயாராக வைத்திருந்தால் கடைசி நாள் ஓட்டம் இருக்காது. பிறப்புச் சான்றிதழில் உள்ள பெயரும் விண்ணப்பத்தில் எழுதும் பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்கட்டும், முதலெழுத்து உட்பட. செலவில்லாமல் தொடங்க வேண்டும் என்றால் ஞாயிறு காலை அறநெறிப் பாடசாலைக்கு அனுப்புங்கள், பண்ணிசை அங்கே தானாக வரும்.

7. இப்போது வாத்தியம்

குழுவில் எது குறைகிறது என்று பார்த்து வாங்குங்கள். மூன்று ஹார்மோனியம் இருந்தும் ஒரு டோலக்கூட இல்லாத குழுக்கள் இருக்கின்றன.

ஹார்மோனியம் என்றால் 39 கட்டை, அதாவது மூன்றேகால் ஸ்தாயி, பஜனைக்குத் தாராளம். 42 கட்டை வாங்கினால் பாரமும் விலையும் கூடும், அந்த மேல் சுரங்களை நீங்கள் தொடப்போவதில்லை. கடையில் துருத்தியை முழுக்க விரித்துக் காற்றை நிரப்பி, எந்தக் கட்டையையும் அழுத்தாமல் தள்ளிப் பாருங்கள். காற்று “புஸ்” என்று இறங்கினால் எங்கோ ஒழுகுகிறது. ஒவ்வொரு கட்டையாக அழுத்தி, விட்டவுடன் ஒலி நிற்கிறதா என்று பாருங்கள், நான் இதைச் செய்யவில்லை, வீட்டுக்கு வந்த பிறகுதான் நான்கரைக் கட்டை ஒட்டிக்கொண்டு ஒப்பாரி வைத்தது. அதைத் திருத்த இங்கே 6,000 ரூபாய் போனது. இந்தியாவிலிருந்து கொண்டுவந்தால் விற்ற சீட்டைக் கையில் வைத்திருங்கள், பெட்டியோடு எத்தனை கிலோ என்று கடையிலேயே நிறுத்துப் பாருங்கள், பயணப்பொதி அளவில் பாதி அதற்கே போய்விடும்.

கடற்கரைக்கும் காலி வீதிக்கும் நடுவில் குடியிருப்பவர்கள் இன்னொன்று கவனிக்க வேண்டும். உப்புக் காற்று ஹார்மோனியத்துக்குள் ஒலி எழுப்பும் பித்தளை நாக்குகளைப் பிடிக்கும், சுருதி மெல்ல விலகும். ஜன்னல் பக்கம் வைக்காதீர்கள், பெட்டிக்குள் ஈரம் உறிஞ்சும் சிலிக்கா பொட்டலங்கள் போடுங்கள், வாசிக்காவிட்டாலும் இரண்டு நாளுக்கு ஒருமுறை ஐந்து நிமிடம் துருத்தியை இயக்குங்கள். கட்டிலுக்கு அடியில் எட்டு மாதம் கிடந்த என்னுடையதற்குள் கரப்பான் குடும்பம் நடத்தியிருந்தது.

மிருதங்கம் வாங்க நினைப்பவர்கள் ஆசிரியர் இல்லாமல் வாங்கவே வேண்டாம். இடந்தலையில் ரவைப் பசை அப்பி, வாசித்து முடித்ததும் வழித்தெடுத்துத் துடைக்க வேண்டும், இல்லாவிட்டால் தோல் நாறும், எறும்பு வரும். தோல் கிழிந்தால் மூட்டுப் போட்டுத்தர ஆளைத் தேட வேண்டும். டோலக் அவ்வளவு கேட்காது, கஹர்வாவும் தாத்ராவும் கை வந்தால் ஆறு மாதத்தில் ஒரு நாமாவளிக்கு வாசித்துவிடலாம்.

8. முதல் முன்பாட்டு

ஒருநாள் “இன்றைக்கு நீங்கள் ஒன்று எடுங்கோ” என்பார்கள். அன்றுதான் தெரிந்த பாட்டு எல்லாம் மறக்கும். அதனால் ஒரு சின்னப் பாட்டை, நான்கே அடி உள்ளதை, இதற்கென்றே நூறு தடவை பாடி வைத்திருங்கள்.

தொடங்க முன்பு ஹார்மோனியக்காரரிடம் கட்டையைச் சொல்லுங்கள், அவர் சுருதி பிடிக்கட்டும், அதைக் கேட்டு வாய்க்குள் ஸட்ஜத்தைத் தொட்டுப் பாருங்கள். தொடையில் நான்கு தட்டுத் தட்டி மிருதங்கக்காரருக்கு வேகத்தைக் காட்டுங்கள். அப்புறம் பாடுங்கள். உயரமாக எடுத்துவிட்டீர்கள் என்று முதல் அடியிலேயே தெரிந்தால் நிறுத்தி, மன்னிப்பெல்லாம் கேட்டுக்கொண்டிருக்காமல், இறக்கி எடுங்கள். இரண்டாவது அடி வரை போய்விட்டால் நிறுத்தாதீர்கள், பின்பாட்டுக்காரர்கள் காப்பாற்றுவார்கள். சங்கதி போடாதீர்கள், அதாவது ஒரே அடியை விதம்விதமாக மாற்றிப் பாடாதீர்கள். நீங்கள் பாடியதை அப்படியே நாற்பது பேர் திருப்பிப் பாட வேண்டும், அவர்களால் முடியாத ஒன்றைப் பாடினால் அங்கே ஒரு முணுமுணுப்புத்தான் திரும்பி வரும். அவர்கள் அடியை முழுவதும் முடிக்கும்வரை அடுத்ததை எடுக்கவும் கூடாது.

9. கோயிலில் நேரம், ஒலிபெருக்கி, அயலவர்

நவராத்திரிக்கோ கந்தசஷ்டிக்கோ உங்கள் குழு கோயிலில் பாட வேண்டும் என்றால் கோயில் பரிபாலன சபைக்கு எழுத்தில் கொடுங்கள். குழுவின் பெயர், எத்தனை பேர், எந்த நாள், எத்தனை நிமிடம், என்னென்ன வாத்தியம், எத்தனை மைக் வேண்டும், பொறுப்பாளரின் பெயரும் தொலைபேசி இலக்கமும். ஒரு பக்கம் போதும். இரண்டு பிரதி கொண்டுபோய் ஒன்றில் திகதியோடு கையொப்பம் வாங்கி வையுங்கள். நவராத்திரிக்கு ஆடி மாதமே கொடுத்துவிட வேண்டும், ஒன்பது இரவுதான் இருக்கிறது, கேட்கிற குழுக்கள் அதைவிட அதிகம். நாங்கள் ஆவணிக் கடைசியில் கொண்டுபோய்க் கொடுத்தோம், “அடுத்த வருசம் பார்ப்பம்” என்றார்கள். அலுவலகங்களில் வாணி விழாவுக்குப் பாட ஆள் தேடுவார்கள், முதல் மேடைக்கு அது நல்லது, சுண்டலும் கிடைக்கும்.

வெளியே ஒலிபெருக்கி கட்டுவதாக இருந்தால் பொலிஸ் அனுமதி வேண்டும். இரவு 10 மணிக்கும் காலை 6 மணிக்கும் இடையில் பொதுவாக அனுமதி கிடைக்காது. மார்கழித் திருவெம்பாவைக்கு விடியற்காலையில் பாடப் போகிறவர்கள் இதை மனதில் வைத்து, குரலையும் சங்கையும் சேமக்கலத்தையும் நம்பிப் போங்கள். தொடர்மாடியில் வீட்டுப் பஜனை வைத்தால் மேல், கீழ், பக்கத்து வீடுகளுக்கு இரண்டு நாள் முதலே போய்ச் சொல்லுங்கள், இரவு எட்டரைக்குள் முடியுங்கள், பிரசாதத்தில் ஒரு கிண்ணம் அந்த வீடுகளுக்கும் போகட்டும். என் கீழ் வீட்டுச் சிங்கள அம்மா முதல் மாதம் முறைப்பாடு சொல்ல மேலே வந்தவர், இப்போது கைத்தாளம் கேட்டால் இறங்கி நடக்கும்போது தலையாட்டிக்கொண்டு போகிறார்.

திருவெம்பாவை பத்து நாளும் போகிறவர்கள் ஓட்டோக்காரர் ஒருவரோடு முதலே பேசி ஒழுங்கு செய்துகொள்ளுங்கள், காலை நான்கு மணிக்கு பஸ்ஸை நம்ப முடியாது. வாத்தியம் கொண்டுபோனால் உறைக்கு மேலே ஒரு பெரிய பொலித்தீன் பையும் போடுங்கள். ஐப்பசியில் கந்தசஷ்டி முடிந்து வீட்டுக்கு வரும் நேரத்தில்தான் கொழும்பில் மழை கொட்டும், ஓட்டோவின் இரண்டு பக்கமும் சாரல் அடிக்கும். நனைந்த மிருதங்கத்தை அடுப்பருகே வைத்துக் காயவைக்காதீர்கள், தோல் இழுத்துக்கொள்ளும். துணியால் ஒற்றி எடுத்து, மின்விசிறிக் காற்று படும்படி கொஞ்சம் தள்ளி ஓர் இரவு வையுங்கள்.